விருந்தாளித் தண்ணீர்

மார்ச் 4, செவ்வாய்

சொறிக் களிம்பு மறுபடியும் தீர்ந்துவிட்டது. பெரிய ஜாடியின் அடியைக் கரண்டியால் சுரண்டி, கடைசியாக வந்த பெண்ணின் டப்பாவில் வழித்துப் போட்டேன். "இது ஒரு கைக்கே காணாதே. எனக்கு ரெண்டு கை இருக்கே" என்றாள். எந்தக் கை அதிகம் அரிக்கிறதோ அந்தக் கை என்றேன்.

டாக்டரம்மாவிடம் போய்ச் சொன்னேன்.

"இப்பத்தானேம்மா புது ஜாடி வந்துச்சு?"

"வந்துச்சு மேடம். பின்னாடியே ஓடைத் தெருவும் வந்துச்சு."

அவர் சிரிக்கவில்லை. நானும் சிரிப்பதற்காகச் சொல்லவில்லை.

ஆரம்ப சுகாதார நிலையத்தில் மருந்து கொடுக்கும் ஜன்னல் மிகச் சிறியது. உள்ளே நிற்கும் எனக்கு முகங்கள் தெரியாது, கைகள்தான் தெரியும். மற்றத் தெருக்களின் கைகள் காய்ச்சலுக்கும் இருமலுக்கும் நீளும். ஓடைத் தெருவின் கைகளை நான் தூரத்திலேயே கண்டுபிடித்துவிடுவேன். விரல் இடுக்கெல்லாம் சிவந்து, மணிக்கட்டு வரை தோல் உரிந்து இருக்கும். நானும் ஓடைத் தெருக்காரிதான். அதனால்தான் எந்த வெயிலிலும் முழுக்கை அணிகிறேன்.

காரணம் எல்லோருக்கும் தெரியும். ஓடையின் மேல் பக்கம் பிளாஸ்டிக் பட்டறை இருக்கிறது. பழைய உரச்சாக்கு, பூச்சிமருந்து கேன் என்று லாரி லாரியாக வரும். காஸ்டிக் சோடா போட்டுக் கழுவி, அரைத்து அனுப்புவார்கள். கழுவின தண்ணீர் ஓடைக்குப் போகிறது, ஓடை எங்கள் கிணறுகளுக்குள் ஊறுகிறது. அந்தக் கழுவு தொட்டியில் நின்று வேலை பார்ப்பது என் அண்ணன். எங்கள் வீட்டு அடுப்பு எரிவதும் அதனால்தான். ஆகவே வீட்டில் இந்தப் பேச்சை யாரும் எடுப்பதில்லை.

இன்று அண்ணி எடுத்தாள். அண்ணன் மகளுக்கு மூன்று வயது. அவளுக்கு நாங்கள் வைத்த பெயர் வாலு. அவளுடைய முழங்கால் மடிப்புகளில் தோலே இல்லை. மருந்து தடவிக்கொண்டே, தலையை நிமிர்த்தாமல் அண்ணி சொன்னாள்: "மழைக்காலத்துக்குள்ள இந்தத் தண்ணிக்கு ஒரு வழி பண்ணலேன்னா, இவளைத் தூக்கிக்கிட்டு எங்கம்மா வீட்டுக்குப் போயிடுவேன். அப்புறம் யாரும் சமாதானம் பேச வர வேண்டாம்."

அண்ணன் சாப்பிட்டுக்கொண்டே இருந்தான். தட்டில் ஒன்றும் இல்லை. ஆனாலும் சாப்பிட்டான்.

தண்ணீரைச் சோதிக்கச் சொல்லி டாக்டரம்மாவும் நானும் அனுப்பிய மனுவுக்குப் பதில் வந்திருக்கிறது. வியாழக்கிழமை தண்ணீர்ப் பரிசோதனைக்கு ஆள் வருகிறார்களாம்.

மார்ச் 6, வியாழன்

வந்துவிட்டுப் போனார்கள். ஜன்னலை விட்டு நகர முடியவில்லை. ஜீப்பின் புழுதியைத்தான் பார்த்தேன். ஐந்து வீடுகளில் தண்ணீர் வாங்கினார்களாம். "சின்னப் பொண்ணுதான் ஆபீசர். செருப்பெல்லாம் சேறு, பாவம்" என்றாள் அம்மா. பாவமோ புண்ணியமோ, போத்தல் நிறைந்தால் சரி.

மார்ச் 11

காத்திருப்பது ஒரு உத்தியோகமாக இருந்தால் இதற்குள் எனக்குப் பதவி உயர்வு வந்திருக்கும்.

மார்ச் 24, திங்கள்

"ஐந்து மாதிரிகளும் குடிப்பதற்கு உகந்தவை."

குடிப்பதற்கு! உகந்தவை! டாக்டரம்மாவின் மேசையில் அந்தத் தாளைப் பார்த்துக்கொண்டே நின்றேன். எழுத்துக்கூட்டிப் படித்தேன். வேறு மாதிரி வாசித்தால் வேறு அர்த்தம் வருமா என்றுகூடப் பார்த்தேன்.

"வாங்கிட்டாங்க மேடம்."

"யாரை?"

"எல்லாரையும்."

"உக்காரு முதல்ல" என்றார். உட்காரவில்லை.

சாயங்காலம் வரும் வழியில் பார்த்தால் பட்டறைக்காரர் அந்த அறிக்கையைப் பெரிதாக நகலெடுத்துத் தன் கேட்டில் ஒட்டியிருக்கிறார். இன்னொரு தொட்டி கட்ட அனுமதி கேட்டிருக்கிறாராம். வீட்டில் அண்ணன், "கவர்மெண்டே சொல்லிடுச்சு, இனிமே என்ன?" என்றான். வாலு அவன் மடியில் உட்கார்ந்து முழங்காலைச் சொறிந்துகொண்டிருந்தாள். அவன் அவளுடைய கையைப் பிடித்துக்கொண்டான். சொறிய விடாமல். அவளைப் பார்க்காமல்.

விடமாட்டேன். எழுதியே வைக்கிறேன், நாளைக்கு மறந்துவிட்டேன் என்று எனக்கே சொல்லிக்கொள்ள முடியாதபடி: விடமாட்டேன்.

மார்ச் 25

மேலதிகாரிக்குப் புகார்க் கடிதம் எழுதினேன். மூன்று பக்கம். நானே சொல்லக்கூடாது, ஆனால் அருமையான கடிதம். ஒவ்வொரு வரியிலும் ஒரு கத்தி. அண்ணிக்கு வாசித்துக் காட்டினேன். 'விலைபோன அந்தப் பெண் அதிகாரி' என்ற இடத்துக்கு வந்தபோது, உள்ளே பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்த அம்மாவின் குரல்:

"ஏண்டி, அந்தப் பொண்ணு மேல எதுக்குப் பழி போடுறே? நல்ல பொண்ணு. நம்ம வீட்டுத் தண்ணிய ஒரு டம்ளர் குடிச்சுட்டு, 'ரொம்ப நல்லா இருக்கும்மா'ன்னுட்டுப் போச்சு."

"எந்தத் தண்ணிய?"

"வந்தவங்களுக்கு வைக்கிற தண்ணியத்தான்."

எனக்குப் புரிய ஒரு நிமிஷம் ஆனது.

எங்கள் தெருவில் எல்லா வீட்டிலும் மூடி போட்ட ஒரு குடம் தனியாக இருக்கும். மேட்டு ஊற்றுக்கு நடந்துபோய் எடுத்து வரும் தண்ணீர். நாங்கள் அதைத் தொடமாட்டோம்; யாராவது வீட்டுக்கு வந்தால் கொடுப்பதற்கு. நாங்கள் குடிப்பதும் குளிப்பதும் கிணற்றில்தான், துணியில் வடிகட்டி, தெளிய வைத்து. அந்த அதிகாரி வாசலில் நின்று, "நீங்க குடிக்கிற தண்ணி கொஞ்சம் குடுங்கம்மா" என்று கேட்டிருக்கிறாள். அம்மா பளபளப்பாகத் தேய்த்த சொம்பில் கொண்டுபோய்—

"அம்மா! அவங்க சோதிக்கக் கேட்டாங்கம்மா!"

"கேக்கட்டுமே. வீடு தேடி வந்தவங்க கையில அந்த நாத்தத்தையா குடுப்பாங்க? நம்மள என்ன நினைப்பாங்க?"

மற்ற நான்கு வீடுகளுக்கும் ஓடினேன். நான்கும் அதேதான். ஒரு வீட்டில் போத்தலையும் வாங்கி ஊற்றுத் தண்ணீரிலேயே அலசிக் கொடுத்திருக்கிறார்கள். தெருக்கோடி வீட்டு ஒலிபெருக்கி அத்தை, தண்ணீர் சில்லென்று இல்லையே என்று மன்னிப்பு வேறு கேட்டிருக்கிறாள்.

கடிதத்தைக் கிழித்துப்போட்டேன். அந்தப் பெண்ணிடம் மனதுக்குள் மன்னிப்புக் கேட்டேன். படித்த கதைகளில் எல்லாம் இந்த இடத்தில் ஒரு கெட்டவன் இருப்பான், அவனைக் கண்டுபிடித்தால் பாதி வேலை முடிந்துவிடும். இங்கே யாரும் யாரையும் வாங்கவில்லை. எங்கள் மரியாதைதான் எங்கள் கழுத்தை அறுத்திருக்கிறது. மரியாதை மீது யாரிடம் புகார் கொடுப்பது?

மார்ச் 27

மறுபரிசோதனை கேட்கலாமாம். ஆனால் அந்த ஐந்து வீட்டுக்காரர்களும், அன்று கொடுத்தது கிணற்றுத் தண்ணீர் இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். ஒரு வரி. அவ்வளவுதான்.

அந்த ஒரு வரிக்கு இன்று முழுக்க அலைந்தேன்.

"எங்க கிணறு நாறுதுன்னு நானே எழுதித் தரவா? என் பொண்ணை எவன் கட்டுவான்?"

"உங்கண்ணன் மாதிரி என் வீட்டுக்காரரும் அங்கேதான் வேலை பாக்குறாரு, ஞாபகம் இருக்கா?"

"படிச்ச பொண்ணுன்னு பேரு. தெருவையே நாறடிக்கிறியே."

நானா நாறடிக்கிறேன்? வாய் வரை வந்தது. ஒலிபெருக்கி அத்தை கதவைச் சாத்திக்கொண்டாள், மெதுவாக. அவள் எதையும் மெதுவாகச் செய்து இதுவரை நான் பார்த்ததில்லை.

அம்மாவும் போடமாட்டேன் என்றுவிட்டாள்.

ஏப்ரல் 2

ஞாயிற்றுக்கிழமை என்னைப் பார்க்க ஆள் வருகிறார்களாம். அம்மா இதை உப்பு தீர்ந்துவிட்டது என்பதுபோலச் சொன்னாள். பையன் பக்கத்து ஊரில் அச்சகம் வைத்திருக்கிறான். "உனக்குத்தான் புத்தகம்னா உசிராச்சே" என்றாள். அச்சகத்தில் அடிப்பது காலண்டரும் ரசீதுப் புத்தகமும். ரசீதுப் புத்தகமும் புத்தகம்தானே.

ஏப்ரல் 5, சனி

அம்மா விடியற்காலையிலேயே ஊற்றுக்குப் போய்விட்டாள், நாளை வருபவர்களுக்காக. முழங்கால் வலி. ஏற்றத்தில் இரண்டு இடத்தில் உட்கார்ந்து வந்திருக்கிறாள். அந்தக் குடத்திலிருந்து வாலு ஒரு வாய் கேட்டாள். "அது வர்றவங்களுக்குடா கண்ணு" என்று அம்மா மூடியை வைத்தாள்.

என்ன கணக்கு இது? எவனோ ஒரு அச்சகக்காரன் ஒரு முறை குடிக்க நல்ல தண்ணீர். இந்த வீட்டில் பிறந்தவளுக்கு அது இல்லை. அம்மா கல்நெஞ்சுக்காரி இல்லை. அந்தக் குழந்தைக்காக உயிரையே கொடுப்பாள். குடத்தை மட்டும் கொடுக்கமாட்டாள்.

கிணற்றடியில் அண்ணியிடம் மனதில் இருந்ததைச் சொன்னேன். திட்டுவாள் என்று நினைத்தேன். இறைத்த வாளியைக் கீழே வைத்தாள்.

"உனக்கு அந்தப் பையன் வேணுமா வேண்டாமா? அதை முதல்ல சொல்லு."

"தெரியாது அண்ணி. இன்னும் பாக்கவே இல்லையே."

"சரி. நான் ஊத்தித் தர்றேன். நீ கொண்டு போ."

ஏப்ரல் 6, ஞாயிறு

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

பையன், அவன் அப்பா, அம்மா. மூவரும் நல்ல மனிதர்கள்தான், அதையும் எழுதிவிட வேண்டும். அண்ணன் சலவைச் சட்டை போட்டிருந்தான். தட்டில் மூன்று கண்ணாடி டம்ளர். எவர்சில்வர் வேண்டாம், கண்ணாடியே இருக்கட்டும் என்று அண்ணிதான் எடுத்தாள். லேசான பழுப்பு, மேலே எண்ணெய் மாதிரி ஒரு மினுமினுப்பு, அந்த வாடை. கொண்டுபோய் வைத்தேன்.

பையனின் அப்பா டம்ளரைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தார்.

"குடிச்சிடாதீங்க" என்றேன்.

"என்னம்மா இது?"

"தண்ணிங்க."

"வடிகட்ட மாட்டீங்களா?"

"வடிகட்டினதுதாங்க இது."

அம்மா என்னைப் பார்த்த பார்வையை எழுத எனக்குத் தெரியவில்லை. பையனின் அம்மா மட்டும் கேட்டார்: "இதையா குடிக்கிறீங்க? இந்தக் குழந்தையுமா?"

"குடிக்கிறோம், குளிக்கிறோம். உங்களுக்குன்னு மேட்டுலேர்ந்து நல்ல தண்ணி கொண்டாந்து வச்சிருக்காங்க எங்கம்மா. அதைக் குடிச்சுட்டு நீங்க போயிடுவீங்க. இங்க எல்லாம் நல்லா இருக்குன்னு நினைச்சுக்கிட்டே போவீங்க. அப்படித்தான் எல்லாரும் நினைக்கிறாங்க."

பேச்சு அதோடு முடிந்தது. கிளம்பும்போது பையன் திரும்பி ஏதோ சொல்ல வந்தான், அவன் அப்பா செருப்பைத் தேடியபடியே அவனையும் இழுத்துக்கொண்டு போனார். எனக்கு வருத்தமா? கொஞ்சம். ஏதோ சொல்ல வந்தவன்.

அண்ணன் கத்தினான். "குடும்ப மானத்தைத் தட்டுல வச்சுக் குடுத்துட்டா!" அண்ணி அமைதியாகச் சொன்னாள்: "ஊத்தினது நான்தான். அவளைத் திட்டாதீங்க." அவன், "அப்ப நீ இங்க இருக்காதே" என்றான். கோபத்தில் வந்த வார்த்தை. ஆனால் அவள் அதற்காகவே காத்திருந்தவள் போலப் பையை எடுத்தாள். வாலு என் துப்பட்டாவைப் பிடித்துக்கொண்டாள். விரல் விரலாக நான்தான் பிரித்தேன்.

மழைக்காலம் வர இன்னும் மாதங்கள் இருக்கின்றன. அண்ணி அதுவரைக்கும் பொறுக்கவில்லை.

நான் செய்தது தப்பா? இல்லை. வலிக்கிறது, ஆனால் தப்பில்லை. இரண்டும் ஒரே சமயத்தில் இருக்கலாம்.

ஏப்ரல் 8

அம்மா பேசவில்லை. தட்டை வைக்கிறாள், எடுக்கிறாள். வீட்டில் சத்தம் போட ஆளில்லை. வாலு இல்லாத வீடு என்ன வீடு!

ஏப்ரல் 10

ஒலிபெருக்கி அத்தை வந்தாள். வாசலிலேயே ஆரம்பித்துவிட்டாள்.

"ஏண்டி, வந்தவங்களுக்கு அந்தத் தண்ணியக் குடுத்தியாமே. ஊரே சிரிக்குது."

"சிரிக்கட்டும் அத்தை."

"அதை விடு. உங்க கிணத்துத் தண்ணி மஞ்சளா இருந்துச்சாமே? இதுக்கா இவ்வளவு கூத்து? எங்க கிணத்தை வந்து பாரு, காப்பி மாதிரி இருக்கும்! துணி தோச்சா துணி போயிடும், அழுக்கு இருக்கும்!"

நான் அவளையே பார்த்தேன். கோபித்துக்கொண்டுதான் சொன்னாள். தன் தண்ணீரை நான் குறைத்து மதிப்பிட்டுவிட்டதுபோல. அதற்குள் எதிர்வீட்டுக்காரி இடுப்பில் குழந்தையோடு வந்துவிட்டாள். "காப்பி என்ன காப்பி? எங்க கிணத்துல வாளி விட்டா நுரைதான் வருது. சோப்பே வாங்குறதில்ல நாங்க." பக்கத்து வீட்டிலிருந்து இன்னொரு குரல்: "எங்க வீட்டு நாயே குடிக்க மாட்டேங்குது!"

எத்தனை வருஷமாக மூடி வைத்திருந்தார்கள் இதை! ஒருத்தி மூடியைத் திறந்ததும், யாருடையது அதிக மோசம் என்று போட்டி. எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. சிரிப்பு கலையும் முன் உள்ளே ஓடிப் பேனா எடுத்து வந்தேன். "அப்படியே இதுல ஒரு கையெழுத்து அத்தை."

அவள் தாளைப் பார்த்தாள். பிறகு முழங்கைச் சொறியைத் தேய்த்துக்கொண்டே, "எங்க போடணும்?" என்றாள். பெரிதாகப் போட்டாள், மற்றவர்களுக்கு இடமில்லாத அளவுக்கு.

மற்ற மூன்று வீடும் போட்டாயிற்று. மிச்சம் எங்கள் வீடு.

ஏப்ரல் 12

இன்று காலை தாளில் அம்மாவின் கையெழுத்து இருந்தது. எப்போது போட்டாள் என்று தெரியாது. பேச்சு இன்னும் இல்லை.

ஏப்ரல் 29

மறுபரிசோதனைக்காக விடுப்பு எடுத்துக்கொண்டேன். அதே பெண் அதிகாரி வந்தாள். என்னைவிட இரண்டு வயது பெரியவளாக இருக்கலாம். "அன்னைக்கு நான் கிணத்துலேர்ந்தே எடுத்திருக்கணும். அவ்வளவு அன்பா சொம்புல குடுத்தாங்க, வாங்கிட்டேன்" என்றாள். இருவருமே கொஞ்சம் வெட்கத்தோடு சிரித்தோம்.

இந்த முறை அவளே வாளி விட்டு இறைத்தாள். ஐந்து கிணறு போதும் என்றவளைத் தெரு விடவில்லை. "எங்க கிணத்தைப் பாக்காம போயிடுவியா நீ?" என்று வழி மறித்தார்கள். ஐஸ் பெட்டியில் போத்தல் வைக்க இடமில்லாமல் போனது. பட்டறை கேட்டில் அண்ணன் நின்று பார்த்துக்கொண்டிருந்தான். கையசைக்கவில்லை. திரும்பிக்கொள்ளவும் இல்லை.

மே 19

"குடிக்க, சமைக்க, குளிக்க உகந்ததல்ல." பூச்சிமருந்து எச்சம், காஸ்டிக் காரம், இன்னும் நான் ஜாடிகளில்கூடப் படித்திராத பெயர்கள். சுத்திகரிப்புத் தொட்டி கட்டும்வரை பட்டறையை மூட உத்தரவு.

ஜெயித்தது மாதிரியே இல்லை. தெருவில் பாதி ஆண்கள் வேலை இல்லாமல் வாசலில் உட்கார்ந்திருக்கிறார்கள். நான் நடந்துபோகும்போது பேச்சு நின்றுவிடுகிறது. ஒருவர் என் காதுபட, "மருந்து குடுக்கிறவ நமக்கே மருந்து வச்சுட்டா" என்றார். நல்ல நகைச்சுவை. நின்று, "உங்க மருந்துச் சீட்டைக் கொண்டாங்க, களிம்பு வந்திருக்கு" என்றேன். முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

ஆனால் மறுநாள் வந்து வாங்கிக்கொண்டு போனார். (இது 20ஆம் தேதி சேர்த்தது.)

மே 26

காலையில் மருந்துப் பெட்டிகளை அடுக்கிக்கொண்டிருந்தேன். ஜன்னலுக்குள் ஒரு கை வந்தது. நகத்தடியில் வெளுத்துப்போன தோல், பெருவிரலில் பழைய வெட்டு. அண்ணனின் கை. இந்த ஜன்னலுக்கு அவன் வந்ததே இல்லை.

"களிம்பா?"

"இல்ல." கை ஜன்னல் கட்டையைப் பிடித்துக்கொண்டது. முகம் தெரியாததால்தான் அவனால் சொல்ல முடிந்ததோ என்னவோ. "முதலாளி கூப்பிட்டாரு. கேட்டைப் பூட்டிக்கிட்டு உள்ள மிஷின் ஓடுதாம். ஆள் வேணுமாம்."

"கழுவுற தண்ணி எங்க போகும்?"

"பின்பக்கம் ஒரு குழாய் இருக்கு. மண்ணுக்கடியில. ஓடை வளைவுல போய்த் திறக்கும். போட்டதே நான்தான்."

திட்டுவதா, அழுவதா? கையிலிருந்த மருந்துப் பெட்டியை அடுக்கில் வைத்தேன். வரிசையில் பின்னால் நின்ற கிழவர், "தம்பி, சீக்கிரம்" என்றார்.

"போறேன்னு சொல்லிட்டியா?" என்று கேட்டேன்.

"நேத்து வாலுவைப் பாக்கப் போனேன். முழங்கால்ல புதுத் தோல் வந்திருக்கு. என்கிட்ட காட்டுறா, 'அப்பா பாரு பாரு'ன்னு." "அந்தக் குழாயைப் பத்தி யார்கிட்ட சொல்லணும்? உனக்குத்தான் தெரியுமே, சொல்லு."

மே 27

போனோம். அந்தப் பெண் அதிகாரியின் மேலதிகாரி, "உங்க பேரு வெளிய வராம பாத்துக்கிறோம்" என்றார். அண்ணன், "வரட்டும் சார். நான்தான் போட்டேன், நான்தான் காட்டுறேன்" என்றான். அவன் மண்வெட்டியும் கொண்டு வந்திருந்தான். பேருந்தில் அதை எங்கே வைப்பது என்று கண்டக்டரோடு ஒரு சண்டை.

திரும்பி வந்தபோது அம்மா இரண்டு தட்டு வைத்தாள். ஒன்றை என் பக்கம் நகர்த்தி, "ரெண்டும் உருப்படாம போச்சு" என்றாள். ஐம்பத்தோரு நாளுக்குப் பிறகு என்னோடு பேசிய முதல் வார்த்தை. இவ்வளவு இனிப்பான வசவை நான் கேட்டதில்லை.

ஜூன் 15

அண்ணன் காட்டிய குழாயை அடைத்துவிட்டார்கள். பட்டறைக்காரர் மூடல் உத்தரவை எதிர்த்து மேல்முறையீடு செய்திருக்கிறாராம். செய்யட்டும். எங்கள் தெருவுக்கும் எழுதத் தெரியும், இறைத்துக் காட்டவும் தெரியும்.

மேட்டு ஊற்றிலிருந்து தெருவுக்குக் குழாய் போட அனுமதி வந்துவிட்டது. வாசலில் உட்கார்ந்திருந்தவர்கள் எல்லாம் இப்போது குழாய்க்குப் பள்ளம் தோண்டுகிறார்கள். முன்னால் நின்று விரட்டுவது ஒலிபெருக்கி அத்தை.

ஜூலை 13, ஞாயிறு

தெருக்குழாயில் ஊற்றுத் தண்ணீர் வந்த மூன்றாம் நாள் மழை பிடித்துக்கொண்டது. அண்ணி வந்தாள், குடையில்லாமல். போன மாதமும் வந்தாள். அப்போது கையில் ஒரு துணிப்பை, வாலுவுக்கு ஒரே ஒரு மாற்றுத் துணி. இன்று அண்ணன் பேருந்திலிருந்து இரண்டு கையாலும் இறக்கினான்: தகரப் பெட்டி, பாய், வாலுவின் மூன்று சக்கர வண்டி.